படுதா போட்ட கார்

எங்கள் ஊர் மதகுப் பக்கம் ஒரு கார் நின்றால், ஒன்று கலெக்டர் வந்திருக்க வேண்டும், இல்லை காருக்குக் கோளாறு வந்திருக்க வேண்டும். எங்களைப் பார்க்கவென்று ஒரு கார் வந்ததாகச் சரித்திரமே கிடையாது. பெரம்பலூரிலிருந்து திருச்சிக்குப் போகிற பெரிய ரோட்டை ஒட்டித்தான் ஊர் இருக்கிறது. இருந்து என்ன? போகிற வண்டியெல்லாம் எங்களுக்குப் புழுதியை மட்டும் இறக்கிவிட்டுப் போய்விடும். அப்படியிருக்க, நாட்டாண்மை இளையபெருமாளின் மகளும் மருமகனும் சென்னைப் பட்டணத்திலிருந்து தனிக் காரில் வருகிறார்கள் என்று தெரிந்ததும் தெருவில் ஒருத்திக்கும் அடுப்பு வேலை ஓடவில்லை.

சப்பான்காரன் கொழும்பில் குண்டு போட்ட வருஷம் அது. அடுத்தது பட்டணம்தான் என்று அங்கே சனம் மூட்டை முடிச்சோடு ஓடிக்கொண்டிருந்தது. ரயிலில் நிற்க இடமில்லை. மருமகன் அரங்கநாதன் அங்கே ஒரு கப்பல் கம்பெனியில் குமாஸ்தா. கம்பெனி அவரைத் தூத்துக்குடி ஆபீசுக்கு மாற்றிவிட்டது. ஒரு கடலுக்குப் பயந்து இன்னொரு கடலுக்கு ஓடுகிற ஆளை நாங்கள் அன்றைக்குத்தான் கண்டோம். அதுவும் தூத்துக்குடி, கொழும்புக்கு எதிர்வீடு.

"ரயில்ல போனா என்ன தெரியும்? கார்ல போனா செங்கல்பட்டு ஏரி, ரஞ்சன்குடிக் கோட்டை, திருச்சி மலைக்கோட்டை எல்லாம் பாத்துக்கிட்டே போலாமாம்" என்று பூங்காவனத்தக்கா எனக்குச் சொன்னாள். அவள்தான் இளையபெருமாளின் சம்சாரம், வரப்போகிற மகள் ஜெயலட்சுமிக்கு அம்மா. அவர்கள் வீட்டுக்கும் எங்கள் வீட்டுக்கும் நடுவில் ஒரு மண்சுவர்தான். நான் ஒட்டுக்கேட்கிறவள் என்று ஊரில் ஒரு பேர் உண்டு. அக்கா பேசினால் சுவர் எதற்கு, நாலு வயல் தாண்டிக் கேட்கும்.

"எட்டு மாசக்காரிக்குக் கோட்டை என்னத்துக்குக்கா?" என்றேன்.

"அதத்தான் நானும் கேக்கறேன். மாப்ள படிச்சவரு. படிச்சவருக்கு மலையப் பாத்தா மலையா தெரியாதாம். சீனரியாம்." சொல்லிவிட்டுச் சிரிக்கப் பார்த்தாள். சிரிப்பு வரவில்லை.

ஏன் வரவில்லை என்பதுதான் விஷயம். தலைப்பிள்ளை. தாய் வீட்டில்தான் பிறக்க வேண்டும். ஆனால் எங்கள் ஊரில் காப்புக் கட்டியாகிவிட்டது.

ஏரிக்கு அந்தப் பக்கத்து ஊரில் வாந்திபேதி கண்டிருந்தது. பாடை தூக்கிப் போனவன் திரும்பி வந்து, குளித்த ஈரம் காய்வதற்குள் படுத்துக்கொண்டான் என்று பேச்சு. அது இங்கே வராமலிருக்க மாரியம்மனுக்கு அவசர அவசரமாகக் கொடியேற்றி, எல்லைக்கல்லில் வேப்பிலைத் தோரணம் கட்டி, இளையபெருமாள் கையில் காப்புக் கட்டிவிட்டார்கள். மஞ்சள் துணியில் வேப்பங்கொழுந்து வைத்து முடிந்த முடிச்சு. அதைக் கட்டிக்கொண்டவர் தேர் இழுத்து முடிகிறவரை எல்லையைத் தாண்டக் கூடாது. மற்றவர்கள் தாண்டலாம், விளக்கு வைப்பதற்குள் திரும்பிவிட வேண்டும். வெளியூரில் இராத் தங்கல் கிடையாது. வீட்டில் கடுகு வெடிக்கக் கூடாது, எண்ணெய்ச் சட்டி வைக்கக் கூடாது. எல்லாவற்றுக்கும் மேலே, பிள்ளைத்தாச்சி ஊருக்குள் இருக்கவே கூடாது. இருக்கிற நேரத்தில் வலி கண்டுவிட்டால் தீட்டு, அம்மன் வந்த வழியே போய்விடுவாள், பேதி உள்ளே வந்துவிடும். காப்புக்கு முன்னமே எங்கள் தெருவில் நிறைமாசக்காரி ஒருத்தியைப் பாயோடு வண்டியில் ஏற்றி அரும்பாவூர் அனுப்பினோம்.

இப்படி ஒரு முடிச்சு அப்பன் கையில் விழுந்த மறுநாள்தான் மகள் வருகிற சேதி வந்தது. நாட்டாண்மையே கட்டிக்கொண்ட காப்பு. எந்த மூஞ்சியை வைத்துக்கொண்டு அவிழ்க்கச் சொல்வார்?

"மதகோட நிக்கட்டும். பாத்துட்டு அனுப்பிடுவோம்" என்றார் இளையபெருமாள். மதகு ரோட்டில் இருக்கிறது, எல்லைக்கல் அதற்கு இப்பால்.

"பெத்த மகள ரோட்டுல நிறுத்திச் சோறு போடச் சொல்றீங்களா?"

"வேற என்ன பண்ணச் சொல்ற?"

அக்கா எழுந்து உள்ளே போனாள். கூண்டு வண்டிக்குக் கட்டுகிற படுதாவை எடுத்துப் போட்டு, கோணி ஊசியில் சணல் கோத்து உட்கார்ந்தாள். எதற்கென்று கேட்டேன்.

"பேதி காத்துலதான வருது? நம்ம எல்லையத் தாண்டி, பாடாலூரு தாண்டி, எத்தினி ஊரு காத்து அடிக்கும் அவ மேல? எத்தினி பேரு கண்ணு படும்? நம்மூட்டுப் பொம்பளைங்க தொறந்த வண்டில போன வழக்கம் உண்டா?"

எங்களுக்கும் அது நியாயமாகத்தான் பட்டது. நானும் ஒரு பக்கம் பிடித்துக்கொண்டேன்.

கார் உச்சிவேளைக்கு வந்தது. வந்தது என்று சொல்லக் கூடாது, இரைந்துகொண்டு நகர்ந்தது. பெட்ரோல் கிடைக்காத காலம். காரின் பின்பக்கத்தில் ஆள் உயரத்துக்கு ஓர் இரும்பு உருளை, அதற்குள் கரி நெருப்பு. அந்தக் கரிப்புகையில்தான் வண்டி ஓடுகிறதாம். பட்டணத்து டிரைவர் காசிநாதன் இறங்கி, கைப்பிடி போட்ட விசிறி ஒன்றைச் சுற்றிச் சுற்றி அதை ஊதிவிட்டான். அடுப்பை முதுகில் கட்டிக்கொண்டு ஒரு கார் ஓடுவதை அன்றைக்குத்தான் பார்த்தோம்.

"எத்தினி வருசமா ஓட்டுறீங்க தம்பி இத?" என்று கேட்டேன்.

"கார் இருவது வருசமா ஓட்டுறேன். இந்த அடுப்ப மாட்டி இந்த மாசந்தான். நமக்கே இது புதுசு" என்று தலையைப் பிடித்துக்கொண்டு சொன்னான். தலைவலி என்றான். வெயில் என்று நினைத்துக்கொண்டோம்.

ஜெயலட்சுமி இறங்கினாள். வயிறு முன்னால் வந்தது, அவள் பின்னால் வந்தாள். எல்லைக்கல்லுக்கு அந்தப் பக்கம் அவள், இந்தப் பக்கம் காப்புக் கையோடு அப்பன். கை நீட்டினால் தொடலாம். இரண்டு பேரும் நீட்டவில்லை.

"நல்லாருக்கியா ஆயி?"

"நல்லாருக்கேன்ப்பா. நீங்க மெலிஞ்சிட்டீங்க."

"விரதம்ல."

அவ்வளவுதான் அப்பனும் மகளும் பேசியது. நாங்கள் இத்தனை பேர் வெயிலில் நின்றது இதற்குத்தான்.

மதகுச் சுவரில் உட்கார வைத்து அக்கா சோறு போட்டாள். தயிர்ச் சோறு, உப்பு போட்ட பச்சை மாங்காய். ஜெயலட்சுமி ஒரு வாய் வாங்கிக்கொண்டு, "தாளிக்கலையாம்மா?" என்றாள். "காப்புடி" என்றாள் அக்கா. மகள் தலையை ஆட்டிக்கொண்டு தாளிக்காத சோற்றைத் தின்றாள். மோர் மிளகாய் கேட்கும் பெண் அவள். அதுவும் எண்ணெய்ச் சட்டி சமாச்சாரம்.

அரங்கநாதன் எங்களுக்கெல்லாம் ரஞ்சன்குடிக் கோட்டையைப் பற்றிச் சொல்லிக்கொண்டிருந்தார். காலையில் நிறுத்தி ஏறிப் பார்த்தாராம். மேலே நின்றால் காற்று பிய்த்துக்கொண்டு போகிறதாம். இவளையும் ஏறச் சொன்னாராம், அவள்தான் கீழே காரிலேயே இருந்துவிட்டாளாம்.

"இருந்தாளே, மகராசி" என்று எனக்கு மட்டும் கேட்கிற மாதிரிச் சொன்னாள் அக்கா. மாப்பிள்ளைக்கும் கேட்டிருக்கும்.

அப்புறம் படுதாவைக் கொண்டுவந்து காரைச் சுற்ற ஆரம்பித்தாள். பின் ஆசனத்து இரண்டு பக்கமும், பின் கண்ணாடியும், முன் ஆசனத்துக்கும் பின் ஆசனத்துக்கும் நடுவிலும். இடுக்கிலெல்லாம் நனைத்த கந்தையைத் திணித்தாள். வெக்கையும் வராதாம், பேதிக் காற்றும் வராதாம். வேப்பிலையை வேறு கொத்துக் கொத்தாகச் செருகினாள். கார் சற்று நேரத்தில் பல்லக்குக்கும் பாடைக்கும் நடுவில் ஒரு தினுசாக ஆகிவிட்டது. அப்படி நான் நினைத்துக்கொண்டதை வெளியில் சொல்லவில்லை.

"அத்தே, சீனரி பாக்கத்தானே காருக்கே ஏற்பாடு பண்ணேன்?" என்றார் அரங்கநாதன்.

"நீங்க முன்னால குந்திப் பாருங்க மாப்ள. பாத்தத அவளுக்குச் சொல்லிக்கிட்டே வாங்க."

காசிநாதன் விசிறியை நிறுத்திவிட்டு வந்தான். "அம்மா, இத்தினி அடைக்காதீங்க. உள்ளார காத்து வரணும்."

"உன் காத்துலதான்ப்பா பேதி வருது. நீ ரோட்டப் பாத்து ஓட்டு."

பொம்பிளை இருக்கிற இடத்தைப் பற்றி டிரைவர் பேசியதே அவளுக்குப் பிடிக்கவில்லை. அவன் விசிறிப் பக்கமே திரும்பிப் போனான். ஏன் காற்று வேண்டும் என்று அவனுக்கும் சரியாகச் சொல்லத் தெரியவில்லை.

உள்ளே ஏறி உட்கார்ந்த ஜெயலட்சுமி ஓர் ஓரத்தைத் தூக்கிப் பார்த்தாள். "அம்மா, இந்த ஓரத்த மட்டும் உட்டு வையேன். அப்பாவப் பாத்துக்கிட்டே போறேன்."

"பாத்ததெல்லாம் போதும். குழந்த பொறந்து வந்து பாரு." அக்கா அந்த ஓரத்தையும் இழுத்துத் தைத்தாள். பல்லால் சணலைக் கடித்து அறுத்தாள். தூத்துக்குடி போய் அடித்துக் குழம்பு வையுங்கள் என்று ஒரு விடைக்கோழியைக் கூடையில் போட்டு மகள் காலடியில் வைத்துவிட்டிருந்தாள். கார் நகர்ந்தபோது கோழி கத்தியது கேட்டது, மகள் ஏதோ சொன்னது கேட்கவில்லை.

இளையபெருமாள் எல்லைக்கல்லருகே நின்று புழுதி அடங்குகிறவரை பார்த்தார். அப்புறமும் நின்றார்.

வெயில் தாழத் தொடங்குகிற நேரத்துக்கு ஒருவன் சைக்கிளில் வந்தான். பாடாலூர்க்காரன். மதகிலேயே காலை ஊன்றிக்கொண்டு, உள்ளே வராமல், தூரத்திலிருந்து கத்தினான்.

"நாட்டாமக்கார் வூடு எது? அவுங்க மகளுக்கு எங்கூர்ல வண்டியிலயே பேதி கண்டுருச்சு. வாந்தி எடுத்துட்டுப் பேச்சு மூச்சில்லாம கெடக்குது. வந்து எடுத்துக்கிட்டுப் போங்க. எங்கூருக்குள்ள எறக்க உட மாட்டோம்."

சொல்லிவிட்டுத் திரும்பி மிதித்தான். யாரும் தன்னைத் தொட்டுவிடக் கூடாது என்கிற மாதிரி மிதித்தான்.

கூடியிருந்த சனம் மெல்லப் பின்வாங்கியது. மத்தியானம் அந்தக் காரைத் தொட்டுப் பார்த்தவர்களெல்லாம் தங்கள் கையைப் பார்த்துக்கொண்டார்கள். நானும் பார்த்துக்கொண்டேன். படுதா தைத்த கை.

இளையபெருமாள் வேட்டியை மடித்துக் கட்டினார். பூசாரி வைரக்கண்ணு குறுக்கே வந்தார். "நாட்டாமக்காரே, கைல காப்பு. நீங்க தாண்டுனா ஊரே போயிடும்."

அவர் நின்றுவிட்டார். நின்றவர் முகத்தைப் பார்க்க முடியவில்லை. பூங்காவனத்தக்கா யாரையும் கேட்கவில்லை. அவர்கள் வீட்டு வண்டிக்காரன் அரியமுத்து அதற்குள் மாட்டைப் பூட்டியிருந்தான். அவள் ஏறினாள். நான் ஏன் ஏறினேன் என்று இன்றைக்கும் என் வீட்டுக்காரர் கேட்பார். விஷயம் தெரியாமல் வீட்டில் உட்கார்ந்திருக்க என்னால் முடியாது, அவ்வளவுதான்.

"வெளக்கு வைக்கறதுக்குள்ள வந்துடுங்க" என்று பூசாரி பின்னாலிருந்து கத்தினார்.

பாடாலூர் நாலு மைல். அரியமுத்து மாட்டை வாலைப் பிடித்து முறுக்கி ஓட்டினான். வழியில் அக்கா வாயே திறக்கவில்லை. பேசாத பூங்காவனத்தக்காவை நான் பார்த்ததே இல்லை. எனக்கு அதுதான் அதிகம் பயமாக இருந்தது. வேண்டாத எண்ணமெல்லாம் வந்தது. பேதிக்காரியைத் தொட்டால் திரும்பி வந்து என் பிள்ளைகளை எப்படித் தொடுவது? வண்டியை விட்டு இறங்காமல் பார்த்துக்கொள்ளலாம் என்று முடிவு பண்ணிக்கொண்டேன்.

பாடாலூர் எல்லையில், புளியமரத்துக்கு இந்தப் பக்கம் கார் நின்றது. படுதா அப்படியே இருந்தது. டீக்கடையைச் சாத்திவிட்டார்கள். ரோட்டுக்கு அந்தப் பக்கம் பத்துப் பதினைந்து பேர் கம்போடு நின்றார்கள். மைல்கல்லில் அரங்கநாதன் உட்கார்ந்து கைக்குட்டையால் மூக்கையும் வாயையும் பொத்தியிருந்தார். காசிநாதன் காருக்குப் பின்னால் விசிறியைச் சுற்றுவதும், தலையைப் பிடித்துக்கொண்டு உட்காருவதுமாக இருந்தான்.

"என்ன மாப்ள ஆச்சு?"

"தூங்குறாளோன்னு நெனச்சேன் அத்தே. மலை தெரியுதுன்னு சொன்னேன், பதில் இல்ல. தூங்கட்டும்னு உட்டுட்டேன். இங்க வந்து தண்ணி ஊத்த நிறுத்துனப்ப கூப்புட்டேன். எந்திரிக்கல. முன்னால தொங்குற படுதாவத் தூக்கிப் பாத்தா வாந்தி எடுத்துருக்கா." அவர் தன் நெற்றியைத் தொட்டுப் பார்த்தார். "எனக்கும் தலைய வலிக்குது. டிரைவருக்கும் வலிக்குது. எங்களுக்கும் வந்துருச்சு போலருக்கு."

"அவள ஏன் இன்னும் உள்ளயே வெச்சிருக்கீங்க?"

கம்பு வைத்திருந்தவர்களில் ஒருவன் பதில் சொன்னான். "நாங்கதான் எறக்கக் கூடாதுன்னோம். மூடுன துணிய எடுக்கக் கூடாது, காத்துல பரவும். கரிய ஊதி வண்டியக் கெளப்பிக்கிட்டுப் போவட்டும். திருச்சியில ஆஸ்பத்திரி இருக்குது."

"அதுதான் ஊதுறேன், புடிக்க மாட்டேங்குது" என்றான் காசிநாதன்.

"ஏ பெரியம்மா, கிட்டப் போவாத! நீயும் போயிடுவ!" என்று கம்புக்காரர்கள் கத்தினார்கள்.

அக்கா போனாள். படுதாவைப் பிடித்து இழுத்தாள். வரவில்லை. கோணி ஊசியில் நெருக்கி நெருக்கிப் போட்ட தையல். விரலை விட்டுப் பிய்க்கப் பார்த்தாள். பல்லால் கடித்தாள். மத்தியானம் சணலைக் கடித்து அறுத்த அதே வாயால் இப்போது தன் தையலையே கடித்து இழுத்துக்கொண்டு, "அரியமுத்து, அருவாளக் குடுடா" என்று கத்தினாள். அவன் தூரத்திலிருந்து வீசினான். மேலிருந்து கீழ்வரை ஒரே கீறு கீறினாள்.

உள்ளேயிருந்து வெக்கையாக ஒரு வாடை வந்தது. ஜெயலட்சுமி ஆசனத்தில் சரிந்து கிடந்தாள். அக்கா அவள் கக்கத்தில் கையைக் கொடுத்து இழுத்தாள். எட்டு மாச வயிறு, ஓர் ஆள் தூக்குகிற பாரமா? திரும்பி என்னைப் பார்த்தாள். கூப்பிடவில்லை, பார்த்தாள்.

இறங்குவதில்லை என்று முடிவு பண்ணியிருந்த நான் எப்போது இறங்கினேன் என்று தெரியவில்லை. காலைப் பிடித்தேன். அரியமுத்துவும் வந்தான். புளியமரத்தடியில் கொண்டுபோய்க் கிடத்தினோம். கம்புக்காரர்கள் கத்திக்கொண்டே பின்னால் பின்னால் போனார்கள்.

பேதி கண்டவர்களை நான் பார்த்திருக்கிறேன். கண் குழிக்குள் போயிருக்கும், முகம் சாம்பல் பூத்துச் சுண்டிப் போயிருக்கும். இவள் முகமோ செக்கச் செவேல் என்று, கல்யாணத்தன்றைக்கு நலங்கு வைத்த மாதிரி இருந்தது.

"அக்கா, இங்க பாரு" என்றான் அரியமுத்து. கோழிக் கூடையை எடுத்து வந்திருந்தான். கோழி செத்து விறைத்திருந்தது.

அக்கா கோழியைப் பார்த்தாள். மகளைப் பார்த்தாள். எழுந்து போய்க் கிழித்த படுதாவை எடுத்து மூக்கில் வைத்து மோந்தாள். வைத்தவள் எடுக்கவில்லை.

"பேதி மனுசனுக்கில்ல வரும்? கோழிக்கா வரும்?" யாரிடமும் சொல்லாமல் சொன்னாள். "பிள்ள பெத்த வூட்டுல கணப்புச் சட்டிய வெச்சுக் கதவச் சாத்திப்புட்டா இந்த வாடைதான் அடிக்கும். எங்க சின்னாத்தா அப்புடித்தான் போனா, கைக்குழந்தையோட. கரிடி. கரிப்பொகை. பின்னால எரியறது முழுக்க உள்ளாற எறங்கியிருக்குது." படுதாவைக் கீழே போட்டாள். "ஓர் ஓரத்த உட்டு வைன்னு கேட்டா. நாந்தான் தச்சேன்."

காசிநாதன் விசிறியை விட்டுவிட்டு எழுந்து நின்றான். அரங்கநாதன் மூக்கிலிருந்து கைக்குட்டையை எடுத்தார். அதை எங்கே வைப்பதென்று தெரியாமல் கையிலேயே வைத்திருந்தார். அப்புறம் ஓடிவந்து பெண்டாட்டி தலைமாட்டில் உட்கார்ந்து, அந்தக் கைக்குட்டையால் அவளுக்கு விசிறத் தொடங்கினார். அவ்வளவு சிறிய துணியில் என்ன காற்று வரும்? ஆனாலும் விசிறினார்.

நல்லவேளை, மேற்கே மலைப்பக்கமிருந்து காற்று கிளம்பியது. எந்தக் காற்றுக்குப் பயந்து அடைத்தோமோ, அதே காற்று வர வேண்டுமென்று இப்போது வாயைத் திறந்துகொண்டு காத்திருந்தோம். அக்கா மகள் கன்னத்தைத் தட்டினாள், உள்ளங்காலைத் தேய்த்தாள், தண்ணீர் தெளித்தாள். மரத்து நிழல் நீண்டு ரோட்டைத் தாண்டியது.

ஜெயலட்சுமி இருமினாள். மறுபடி வாந்தி எடுத்தாள். கண்ணைத் திறந்து அம்மாவைப் பார்த்து, "தலைய வலிக்குதும்மா" என்றாள்.

நான் அங்கேயே உட்கார்ந்து அழுதுவிட்டேன். அக்கா அழவில்லை. மகள் வயிற்றின் மேல் கையை வைத்துக்கொண்டு, தலையைச் சாய்த்து, சுவருக்கு அந்தப் பக்கம் கேட்கிறவள் மாதிரி உட்கார்ந்திருந்தாள்.

"கடேசியா எப்ப அசஞ்சுது?"

"மதகுல... சோறு திங்கறப்ப."

"அப்பறம்?"

"தெரியலம்மா. தூக்கம் தூக்கமா வந்துச்சு."

அக்கா கையை இடம் மாற்றி வைத்தாள். மேலே, கீழே, விலாப்பக்கம். மாங்காய்த் துண்டு ஒன்றை மகள் வாயில் கொடுத்தாள், புளிப்புக்கு அசையும் என்று. காத்திருந்தாள். மறுபடி கையை மாற்றினாள். ஒன்றுமில்லை. கம்புக்காரர்களில் ஒரு கிழவன் மட்டும் கம்பைக் கீழே போட்டுவிட்டு ஒரு செம்பில் நீராகாரம் கொண்டுவந்து தூரத்தில் வைத்தான்.

பொழுது சாயத் தொடங்கியது. அரியமுத்து தலையைச் சொறிந்தான். "அக்கா, வெளக்கு வைக்கற நேரம்..."

"நீங்க ரெண்டு பேரும் போங்க. நான் வல்ல."

"காப்பு, அக்கா."

"எனக்குத் தெரியும். நாட்டாம வூட்டு வண்டியும் மாடும் போயாவணும், இல்லன்னா அதுக்கும் ஒரு பஞ்சாயத்து வெப்பானுங்க." என் கையைப் பிடித்தாள். அவள் கை ஈரமாக இருந்தது. "அவரு கல்லுக்கிட்டதான் நிப்பாரு. பாத்தத மட்டும் சொல்லு. வழக்கம்போல நீயா ரெண்டு சேத்துடாத. நல்லதாவும் சேக்காத."

திரும்பி வருகிற வழி முழுக்க அந்தப் பேச்சைத்தான் மென்றுகொண்டு வந்தேன். ஊரில் எந்தச் சேதியையும் முதலில் சொல்வதுதான் எனக்குப் பெருமை. இந்தச் சேதியை யாராவது எனக்கு முன்னால் போய்ச் சொல்லியிருக்கக் கூடாதா என்றிருந்தது.

மேற்கே சிவப்பு இன்னும் போகவில்லை. எல்லைக்கல்லருகே ஊரே நின்றது. பூசாரி தட்டில் கற்பூரத்தோடு, உடுக்கைக்காரன் உடுக்கையோடு, எல்லாரும் காப்புக் கட்டியவர் கோயிலுக்கு வரவேண்டுமென்று காத்திருந்தார்கள். அவர் கல்லை விட்டு நகரவில்லையாம், சோறும் தின்னவில்லையாம். வண்டியில் பூங்காவனத்தக்கா இல்லாததை அவர் பார்த்துவிட்டார்.

"பேதி இல்ல மாமா" என்றேன் முதலில். "கரிப்பொகை. உள்ளாற அடைச்சுக்கிச்சு. கண்ணு முழிச்சுட்டா. அம்மாவத் தெரிஞ்சுது, தலவலின்னு பேசுனா."

சனம் மூச்சு விட்டது. அவர் விடவில்லை.

"வவுத்துல?"

"இன்னும் அசையல மாமா. அக்கா கைய வெச்சுப் பாத்துக்கிட்டே இருக்கு."

அவர் ரோட்டைப் பார்த்தார். பாடாலூர்ப் பக்கம் இருட்டிக்கொண்டு வந்தது. அப்புறம் சாதாரணமாக, வயலுக்குப் போகிறவர் வரப்பைத் தாண்டுகிற மாதிரி, கல்லைத் தாண்டினார்.

பொம்பிளைகள் வாயைப் பொத்திக்கொண்டோம். "நாட்டாமக்காரே! கைல காப்பு!" பூசாரியின் குரல் கீச்சென்று போனது. "அம்மன் கேட்டா நான் என்ன சொல்லுவேன்?"

"மகளப் பாக்கப் போயிருக்கான்னு சொல்லு" என்றார் இளையபெருமாள். "கேட்டா பாப்போம்."

மதகைத் தாண்டி ரோட்டில் ஏறி நடந்தார். யாரும் பின்னால் போகவில்லை, யாரும் வீட்டுக்கும் போகவில்லை. இனி ஊருக்கு என்ன வரப்போகிறதோ என்று பிள்ளைகளை இழுத்து அணைத்துக்கொண்டு நின்றோம். அவர் வெள்ளை வேட்டி மங்கிக்கொண்டே போனது.

அப்போது ரோட்டுக் கோடியில் இரண்டு வெளிச்சம் தெரிந்தது. யுத்தக் காலத்துக் கார் விளக்கு, பாதிக்குக் கறுப்பு பூசியது. அது வந்த வேகத்தைப் பார்த்தால் மாட்டுவண்டியே முந்திவிடும். அவ்வளவு மெதுவாக ஏன் வருகிறது? சவத்தோடு வருகிற வண்டிதான் அப்படி வரும். என் பக்கத்தில் யாரோ ஒருத்தி விசும்ப ஆரம்பித்தாள். இளையபெருமாளும் நின்றுவிட்டார். முன்னால் போகவில்லை. ரோட்டோரம் ஒதுங்கி, அது தன்னைத் தாண்டிப் போய்விட வேண்டும் என்று விரும்புகிறவர் மாதிரி நின்றார்.

அடுப்பு எப்படியோ பிடித்துக்கொண்ட கார் அவர் அருகே வந்து நின்றது. படுதா இல்லை, கண்ணாடியெல்லாம் இறக்கிவிட்டிருந்தது, பின் கதவைக்கூட ஒரு கயிற்றில் கட்டித் திறந்தே போட்டிருந்தார்கள். அக்கா இறங்கினாள்; திருச்சிக்குப் போகாமல் வண்டியை இந்தப் பக்கம் திருப்பச் சொன்னது அவளாகத்தான் இருக்கும். ஏதோ சொன்னாள். அவளுக்கு அத்தனை பெரிய குரல், அன்றைக்கென்று பார்த்து மெதுவாகப் பேசினாள். என் காதுக்கு எட்டாத பேச்சு என் ஆயுசில் அது ஒன்றுதான்.

அவர் தலையை ஆட்டினார், மாட்டேன் என்கிற மாதிரி. அக்கா விடவில்லை. காப்புக் கட்டியிருந்த அந்தக் கையை மணிக்கட்டோடு பிடித்து இழுத்துக் காருக்குள்ளே கொண்டுபோனாள்.

"அட பாவமே, அப்பன் போயி மக வவுத்துல கை வைக்கிறதா" என்று பக்கத்தில் நின்ற வீராயி என் காதில் சொன்னாள். சொன்னவளும் எட்டி எட்டித்தான் பார்த்தாள்.

அவர் குனிந்தபடி நின்றார். வெகுநேரம் நின்றார். பூசாரி தட்டில் கற்பூரம் எரிந்து தீர்ந்தது, யாரும் கவனிக்கவில்லை. திடீரென்று, கன்றுக்குட்டியிடம் உதை வாங்கியவர் மாதிரி கையை வெடுக்கென்று வெளியே இழுத்தார். இழுத்த கையைத் திருப்பித் திருப்பிப் பார்த்தார். அப்புறம் யாரும் பிடித்து இழுக்காமல், தானாகவே, மறுபடி உள்ளே நீட்டினார்.